கிம்கள் ஏன் இத்தனை பேர்?

கொரியத் தொடர்களில் மூழ்கிக் கிடக்கும் ஒரு கல்லூரி மாணவி கேட்டு எழுதியிருக்கிறார்: "திரும்பிய பக்கமெல்லாம் கிம், லீ, பார்க். இவர்கள் எல்லோரும் ஒருவருக்கொருவர் சொந்தமா?"

இல்லை. ஆனால் கேள்வி அருமையான கேள்வி. 2015 கணக்கெடுப்பின்படி தென் கொரியர்களில் ஐந்தில் ஒருவருக்கும் அதிகமானோர் கிம். லீ, பார்க் இரண்டையும் சேர்த்தால் நாட்டில் கிட்டத்தட்ட 45 சதவீதம். கிம் என்றால் பொன். அந்தக் கிம்களுக்குள்ளேயே கிம்ஹே கிம், கியோங்ஜு கிம் என்று பூர்விக ஊரை வைத்துக் குலங்கள் உண்டு. நம் ஊர்க் கோத்திரம் மாதிரி, ஒரே குலத்துக்குள் கல்யாணம் கூடாது என்று சட்டமே இருந்தது. 1997இல்தான் அரசியல் சாசன நீதிமன்றம் அதற்கு முற்றுப்புள்ளி வைத்தது.

கிம்ஹே கிம்கள் மட்டும் 40 லட்சத்துக்கும் மேல். 'அயுத்தா' நாட்டிலிருந்து கடல் கடந்து வந்த இளவரசி ஹியோ ஹ்வாங் ஓக் தங்கள் மூதாய் என்பது அவர்களின் நம்பிக்கை. கி.பி. 48இல் நடந்ததாகச் சொல்லும் அந்தக் கதை, 13ஆம் நூற்றாண்டு நூல் ஒன்றில்தான் நமக்குக் கிடைக்கிறது. அதை நம்பி அயோத்தியில் நினைவுச்சின்னம் எழுப்பியாயிற்று. நம்மவர்கள் சும்மா இருப்பார்களா? இளவரசியைக் கன்னியாகுமரிக்கு இழுத்து வாட்ஸ்அப்பில் சுற்றவிட்டிருக்கிறார்கள். ஒலி ஒற்றுமையை வைத்து வரலாறு எழுதினால் ஆளுக்கொரு இளவரசி கிடைப்பாள்.

கிம்கள் பெருகியதற்கு வரலாற்றுக் காரணம் எளிது. கொரியாவின் பழைய முடியாட்சியான ஜோசன் அரசில் அடிமைகளுக்கும் எளியவர்களில் பலருக்கும் குடும்பப் பெயர் கிடையாது. 1894 சீர்திருத்தம் பிறப்பு வழி அந்தஸ்தை ஒழித்தது. 1909இல் வந்த குடும்பப் பதிவுச் சட்டம் எல்லோருக்கும் பெயர் கேட்டது. தேர்ந்தெடுக்கும் வாய்ப்பு வந்தபோது பலர் கிம், லீ, பார்க் போன்ற அரச வம்சங்களின் பெயரையே எடுத்துக்கொண்டார்கள். யார்தான் எடுக்கமாட்டார்கள்?

இனி நான் ஆசையாகச் சொல்ல வந்த விஷயம். சட்டம், அரசன், போர், கொள்ளைநோய் எதுவுமே இல்லாவிட்டாலும் குடும்பப் பெயர்கள் தாமாகவே குறைந்துகொண்டு வரும். அதைப் பார்க்க ஒரு ரூபாய் நாணயம் போதும்.

ஓர் ஊர். ஒவ்வோர் ஆணுக்கும் சரியாக இரண்டு குழந்தைகள். பெயர் மகன் வழியாக மட்டுமே போகும். தலை விழுந்தால் மகன், பூ விழுந்தால் மகள். சராசரியாக ஆளுக்கு ஒரு மகன். ஆகவே ஊரின் மக்கள்தொகை ஏறுவதும் இல்லை, இறங்குவதும் இல்லை. இரண்டு முறையும் பூ விழுந்தால் அந்தப் பெயர் அத்துடன் சரி. அதற்கான வாய்ப்பு நான்கில் ஒன்று.

பேரன் தலைமுறைக்குள் பெயர் அழிந்திருக்க என்ன வாய்ப்பு? இங்கேதான் சூட்சுமம். ஒரு பெயர் அழிய வேண்டுமானால் ஒவ்வொரு குழந்தையின் கிளையும் தனித்தனியே அழிய வேண்டும். ஒரு கிளை இரண்டு விதமாக அழியலாம்: குழந்தை மகளாக இருக்கலாம் (1/2), அல்லது மகனாக இருந்து அவனுக்கு மகனே பிறக்காமல் போகலாம் (1/2 x 1/4). கூட்டினால் 5/8. இரண்டு கிளைக்கும் சேர்த்து 5/8 x 5/8, அதாவது 25/64. சுமார் 39 சதவீதம். கிடைத்த விடையை அதே கணக்கில் மறுபடி போடுங்கள். அடுத்த தலைமுறைக்கு 48 சதவீதம், நான்காவதில் 55. பத்தாவதில் 74! ஆயிரம் பெயர்களோடு தொடங்கிய ஊரில் பத்துத் தலைமுறை கழித்துச் சுமார் 260 பெயர்கள்தான். ஊர் அதே அளவில் இருக்கிறது. ஆகவே மிஞ்சிய பெயர்கள் பருத்துவிடுகின்றன.

போன ஞாயிற்றுக்கிழமை சமையலறை மேசையில் நானும் மகளும் இதைப் போட்டுப் பார்த்தோம். பத்துக் குடும்பங்களுக்குக் காய்கறிப் பெயர். புடலங்காய் வம்சம் முதல் சுற்றிலேயே போயிற்று. நான்காம் சுற்று முடிந்தபோது நான்கு பெயர்களே மிச்சம். சுரைக்காய்க்கு மட்டும் ஐந்து வாரிசுகள். சுரைக்காய் எந்தத் தவமும் செய்யவில்லை. பெயரில் ஓர் எழுத்தைக் கூட்டினால் குலம் தழைக்கும் என்று காசு வாங்கும் எண்கணித ஜோதிடர்கள் இந்த மேசைக்கு ஒருமுறை வந்துபோகலாம்.

இந்தக் கணக்கை 1873இல் இங்கிலாந்தில் கேள்வியாகப் போட்டவர் பிரான்சிஸ் கால்டன் என்ற விஞ்ஞானி. பெரிய மனிதர்களின் வம்சங்கள் அற்றுப்போவதைப் பார்த்து, சுகபோகம் பிள்ளைப்பேற்றைக் குறைக்கிறது என்று அன்று பேசிக்கொண்டார்கள். வெறும் தற்செயலாக ஏன் இருக்கக்கூடாது என்றார் கால்டன். விடை தந்தவர் ஹென்றி வாட்சன் என்ற பாதிரியார். முறை அழகு, முடிவு தவறு. எல்லாப் பெயர்களும் கட்டாயம் அழியும் என்று எழுதிவிட்டார். அழியும் வாய்ப்பு 100 சதவீதம் என்று வைத்துக்கொண்டால் அவருடைய சமன்பாடு எப்போதும் ஒத்துவரும். அதனால் அங்கேயே நின்றுவிட்டார். சராசரி மகன்கள் ஒன்றுக்கு மேல் போனால் அதைவிடச் சிறிய இன்னொரு விடை முளைக்கிறது, அதுவே சரியானது. பிரான்சின் கணித அறிஞர் பியனமே 1845லேயே இதைச் சரியாகச் சொல்லியிருந்தார், யாரும் கவனிக்கவில்லை. அமெரிக்க வெள்ளையர்களின் 1920 கணக்கெடுப்பை வைத்துப் பின்னாளில் மக்கள்தொகைக் கணித அறிஞர் லோட்கா கணக்கிட்டபோது, ஆளுக்குச் சராசரி 1.26 மகன்கள் இருந்தும் ஒரு தனிமனிதரின் ஆண்வழி அற்றுப்போக 82 சதவீத வாய்ப்பு என்று வந்தது.

பெயர் அழிகிற கணக்கால் யாருக்கு என்ன லாபம்? மகன் என்பதற்குப் பதில் நியூட்ரான் என்று போட்டால் அணுச் சங்கிலி வினை. 1944இல் அமெரிக்கா அணுகுண்டு செய்த லாஸ் அலமோசில் இதே கணக்கைத்தான் போட்டார்கள். நோயாளி என்று போட்டால் தொற்றுநோய். கொரோனா காலத்தில் தினமும் கேட்ட 'ஒருவரிடமிருந்து எத்தனை பேருக்கு' என்பது அந்தச் சராசரியேதான். ஆய்வுக்குப் பணம் கேட்கும் விண்ணப்பத்தின் முதல் பக்கத்திலேயே 'சமூகப் பயன்' கேட்கிற நம் குழுக்களிடம் கால்டன் போயிருந்தால் திருப்பி அனுப்பியிருப்பார்கள்.

மூன்றாம் சுற்றில் மகள் நாணயத்தைக் கையில் பிடித்துக்கொண்டு, "பூ விழுந்தால் ஏன் பெயர் போகணும்?" என்று கேட்டாள். விதி அப்படி வைத்தோம், அவ்வளவுதான். கொரியாவில் 2008 முதல், திருமணத்தைப் பதியும்போதே சொல்லிவைத்தால் பிள்ளைக்குத் தாயின் பெயரைக் கொடுக்கலாம்.

டென்மார்க்கின் தொலைபேசிப் பொறியாளர் ஏர்லாங் நினைவுக்கு வருகிறார். அவருடைய தாய்வழிக் குடும்பமான கிராருப் பெயர் அருகிக்கொண்டிருந்தது. கால்டன் கேட்ட அதே கேள்வியை 1929இல் அவரும் கேட்டுவைத்து, அதே ஆண்டு இறந்துபோனார். சரியான விடையை கணித அறிஞர் ஸ்டெஃபன்சன் 1930இல் வெளியிட்டார். ஏர்லாங் கல்யாணமே செய்துகொள்ளவில்லை. ஆனால் தொலைபேசித் தடங்களில் பேச்சு எவ்வளவு நெரிசலாக ஓடுகிறது என்பதை இன்றும் பொறியாளர்கள் 'ஏர்லாங்' என்ற அலகில்தான் அளக்கிறார்கள்.