பெச்சாக்: எழுபது வாட்டில் ஒரு நகரம்

இந்தோனேசியாவின் யோக்யகர்த்தா நகரில், மாலியோபோரோ சாலையில் இரண்டு பேரை ஏற்றிக்கொண்டு தெற்கு நோக்கிப் பெச்சாக் எனும் சைக்கிள் ரிக்‌ஷாவை மிதிப்பது ஒரு வேலை. அதே இரண்டு பேரோடு வடக்கே திரும்பி வருவது முற்றிலும் வேறு வேலை. உட்கார்ந்து வருகிறவர்களுக்கு இரண்டும் ஒன்றுதான்; சாலை சமமாகத்தான் தெரியும். மிதிக்கிறவரின் கால்களுக்கோ வடக்குப் பயணம் மூன்று மடங்கு வரை பாரமாகலாம். இந்த வித்தியாசம் எங்கிருந்து வருகிறது என்று பார்க்கப் போனால், அந்த மூன்று சக்கர வண்டி ஏன் அப்படி ஒரு வடிவத்தில் இருக்கிறது என்பதும் கூடவே விளங்கிவிடும்.

முதலில் நிலத்தைப் பார்ப்போம். நகருக்கு வடக்கே சுமார் 30 கிலோமீட்டரில் மெராபி எரிமலை நிற்கிறது. உயரம் ஏறக்குறைய 2,900 மீட்டர். அது கக்கிய சாம்பலும் மணலும் பல்லாயிரம் ஆண்டுகளாக மழைநீரோடு இறங்கி வந்து, அடிவாரத்தில் தெற்கு நோக்கிச் சரியும் ஒரு பெரிய விசிறி போலப் படிந்திருக்கின்றன. யோக்யகர்த்தா அந்தச் சரிவின் மேல்தான் உட்கார்ந்திருக்கிறது. நகருக்குள் பெரும்பாலான இடங்களில் சாய்வு 0 முதல் 2 சதவீதம். வினோங்கோ, சோடே, காஜா வோங் ஆகிய மூன்று ஆறுகளும் வடக்கிலிருந்து தெற்கே ஓடுவதும் இதனால்தான்.

1755இல் கியாந்தி ஒப்பந்தத்தால் மாத்தாராம் அரசு இரண்டாகப் பிரிந்தது. அப்போது சுல்தான் முதலாம் ஹமெங்குபுவோனோ தன் அரண்மனையான க்ராத்தோனைக் கட்டத் தேர்ந்தெடுத்தது வினோங்கோவுக்கும் சோடேக்கும் இடைப்பட்ட நிலத்தை. மெராபி, தூகு தூண், க்ராத்தோன், க்ராப்யாக் மேடை, தெற்கே இந்தியப் பெருங்கடல் என்று ஓர் அச்சில் நகரம் வகுக்கப்பட்டது. ஜாவாவின் பிரபஞ்சப் பார்வையைச் சொல்லும் இந்த அச்சை 2023இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. பெச்சாக்கில் ஊர் சுற்ற வருகிறவர்கள் பார்க்க விரும்பும் இடங்களில் பெரும்பாலானவை இந்த அச்சிலோ அதன் பக்கத்திலோதான் இருக்கின்றன. தூகுவில் ஆரம்பித்தால் ரயில் நிலையம், மாலியோபோரோ, பெரிங்ஹார்ஜோ சந்தை, வ்ரெடெபர்க் கோட்டை, வடக்கு ஆலுன்-ஆலுன் திடல், க்ராத்தோன், தாமான் சாரி நீர்மாளிகை என்று வரிசையாக இறங்கிப் போகலாம். 'இறங்கி' என்பதை அப்படியே எடுத்துக்கொள்ளலாம். ஊரின் ஆன்மிக அச்சும் நிலத்தின் சரிவும் ஒரே திசையில் ஓடுகின்றன. மாலியோபோரோ தெற்கு நோக்கிய ஒருவழிச் சாலையாக இருப்பது மிதிக்கிறவருக்கு இன்னும் வசதி. ஆனால் போனவர் திரும்பி வர வேண்டுமே, அதற்குப் பக்கத்துச் சாலைகளில் ஏற்றம்தான்.

சரி, கணக்குக்கு வருவோம். வண்டி 95 கிலோ, மிதிப்பவர் 55, பயணிகள் இருவரும் சேர்ந்து 130 என்று வைத்துக்கொள்வோம். மொத்தம் 280 கிலோ. சமதளத்தில் மெதுவாகப் போகும்போது இதைப் பிடித்து இழுப்பது முக்கியமாக உருளல் எதிர்ப்பு. டயர் தரையில் படும் இடத்தில் நசுங்கி, திரும்ப விரிகிறது. நசுங்கும்போது வாங்கிய ஆற்றல் முழுவதையும் விரியும்போது திருப்பித் தருவதில்லை. சாதாரண சைக்கிள் டயரும் சாதாரணத் தார்ச்சாலையும் என்றால் இந்த இழப்பு வண்டி எடையில் சுமார் நூறில் ஒரு பங்கு விசைக்குச் சமம். 280 கிலோவுக்கு அது ஏறக்குறைய 27 நியூட்டன்.

இப்போது சாய்வைச் சேர்த்துப் பாருங்கள். நூறு மீட்டருக்கு அரை மீட்டர் ஏறும் சாலை, அதாவது அரை சதவீதம். அவ்வளவு சிறிய ஏற்றத்தைக் கண் கண்டுபிடிக்காது. ஆனால் புவியீர்ப்பு 280 கிலோவைப் பின்னுக்கு இழுக்கும் விசை சுமார் 14 நியூட்டன். இறங்கும்போது இந்த 14, 27லிருந்து கழிகிறது, 13 மிஞ்சுகிறது. ஏறும்போது கூடுகிறது, 41 ஆகிறது. பதின்மூன்றுக்கும் நாற்பத்தொன்றுக்கும் உள்ள தூரம்தான் அந்த மூன்று மடங்கு. ஒரு சதவீதச் சாய்வு வந்துவிட்டால், இறக்கத்தில் வண்டி கிட்டத்தட்டத் தானே உருளும். ஏற்றத்தில் சமதளத்தைப் போல இரண்டு மடங்கு மிதிக்க வேண்டும். ஆற்றைக் கடந்து தென்கிழக்கே கோத்தாகெடே பழைய ஊருக்குப் போகும் வழியில் இந்த ஏற்ற இறக்கங்கள் மாறி மாறி வரும்.

பயணிகள் இதில் உதவ முடியும். ஏற்றத்தில் இருவரும் இறங்கி நடந்தால் 280 கிலோ 150 ஆகிவிடுகிறது. தேவையான விசை ஏறக்குறைய பாதி. காசு கொடுத்துவிட்டோமே என்று யோசிக்காமல் அந்தச் சில நிமிடங்கள் இறங்கி நடப்பதுதான் முறை என்பது என் எண்ணம். கூலி பேசும்போதே போகும் திசையையும் சேர்த்துப் பேசுவது அதைவிட நியாயம்.

ஒரு மனிதரின் கால்கள் எவ்வளவு தரும்? விளையாட்டு வீரர் அல்லாத, பழக்கப்பட்ட உழைப்பாளி மணிக்கணக்கில் விடாமல் தரக்கூடியது சுமார் 75 வாட். சில விநாடிகளுக்கு மட்டும் என்றால் பல நூறு வாட் வரும், ஆனால் உடனே மூச்சு வாங்கும். மணிக்கு 8 கிலோமீட்டர் வேகத்தில் உருளல் எதிர்ப்புக்கு 60 வாட், காற்றைத் தள்ள 8 வாட் போல, மொத்தம் 70க்குப் பக்கத்தில் ஆகிறது. ஆகவே சமதளத்தில் பெச்சாக்கின் இயல்பான வேகம் எட்டு. யாரும் தீர்மானித்து வைத்த வேகம் இல்லை இது. உடம்பும் டயரும் சேர்ந்து வந்து நிற்கும் இடம்.

தசைகளின் திறன் சுமார் 20 முதல் 25 சதவீதம்தான். எழுபது வாட் பெடலுக்குப் போக வேண்டுமானால் உடம்பு ஏறக்குறைய 300 வாட் எரிக்க வேண்டும். மீதி 230 வாட் வெப்பமாக வெளியேறியாக வேண்டும். யோக்யகர்த்தாவின் ஈரக்காற்றில் அதற்கு ஒரே வழி வியர்வை. மணிக்கு மூன்றில் ஒரு லிட்டர் வியர்வை முழுவதும் ஆவியானால்தான் கணக்கு சரியாகும். சொட்டி விழுவது கணக்கில் சேராது. எட்டு கிலோமீட்டர் வேகத்தில் எதிர்காற்றே குறைவு. அந்தக் கொஞ்சக் காற்றையும் முன்னால் இருக்கும் பயணிகளின் கூண்டும் மடக்குக் கூரையும் மறித்துவிடுகின்றன. பயணி முகத்தில் காற்று வாங்கிக்கொண்டு போகிறார். பின்னால் இருப்பவருக்கு அது கிடைப்பதில்லை.

ஆமாம், பெச்சாக்கில் பயணிகள்தான் முன்னால். நமக்குப் பழக்கமான சைக்கிள் ரிக்‌ஷாவை முன்பின்னாகத் திருப்பிப் போட்ட மாதிரி. முன்னால் இரண்டு சக்கரங்களின் மேல் அகலமான இருக்கை, பின்னால் ஒற்றைச் சக்கரம், அதன் மேல் உயரமான சேணம். கூரைக்கும் தலைகளுக்கும் மேலாகச் சாலையைப் பார்க்க வேண்டுமே, அதற்குத்தான் அந்த உயரம். தனியாகத் திரும்பும் முன்சக்கரம் கிடையாது. இருக்கை, கூரை, இரண்டு சக்கரங்கள், உட்கார்ந்திருக்கும் ஆட்கள் எல்லாம் சேர்ந்து ஒரே துண்டு. அது பின்பகுதியோடு ஒரு சுழல்மூட்டில் இணைந்திருக்கிறது. இருக்கையின் முதுகுப் பக்கம் குறுக்கே ஓடும் கம்பிதான் ஹேண்டில் பார். அதைப் பிடித்து ஓட்டுநர் பயணிகளையே வலமும் இடமுமாகத் திருப்புகிறார். ஒரு முன்சக்கரம் மட்டும் பள்ளத்தில் விழுந்தால், அந்த அடி முழுக் கூண்டையும் ஒரு பக்கமாக முறுக்கும். அதை அடக்க வேண்டியது அவருடைய முன்கைகள். முழு எடையோடு பள்ளமான தெருவில் போகும்போது அந்தக் கைகளைக் கவனியுங்கள், கால்களுக்குக் குறையாத வேலை அங்கே நடக்கிறது.

கியர் ஒன்றே ஒன்று. நிமிடத்துக்கு 50 முதல் 55 சுற்று வசதியாக மிதித்து 8 கிலோமீட்டர் வேகம் வர வேண்டுமானால், ஒரு சுற்றுக்கு வண்டி சுமார் இரண்டரை மீட்டர் நகர வேண்டும். சாதாரண சைக்கிளில் இது ஐந்து மீட்டரை ஒட்டி இருக்கும். பாதித் தூரம், இரட்டை விசை. அப்படியிருந்தும் நின்ற இடத்திலிருந்து கிளம்புவது கடினம்தான். 280 கிலோவை ஐந்து விநாடியில் அந்த வேகத்துக்குக் கொண்டுவர, வழக்கமான மிதிப்புக்கு மேல் சராசரியாக 140 வாட் தேவை. இறங்கித் தள்ளிவிட்டு, வண்டி உருளத் தொடங்கியதும் தாவி ஏறுவது இந்தச் சுமையைக் கால் தசையிலிருந்து உடல் முழுவதற்கும் பகிர்ந்துகொள்ளும் வழி.

அடுத்தது திருப்பம். சைக்கிள் திரும்பும்போது உள்பக்கம் சாய்கிறது; அதனால் விசை சக்கரத்தின் தளத்திலேயே விழுகிறது. மூன்று சக்கர வண்டி சாய முடியாது. பக்கவாட்டு விசை முழுவதும் கம்பிகளைக் குறுக்கே வளைக்கப் பார்க்கும், வண்டியைக் கவிழ்க்கவும் பார்க்கும். முன்சக்கரங்களுக்கு இடையே 90 சென்டிமீட்டர், ஈர்ப்பு மையம் தரையிலிருந்து 80 சென்டிமீட்டர் என்று கொண்டால், பக்கவாட்டு முடுக்கம் புவியீர்ப்பு முடுக்கத்தில் பாதியைத் தொடுவதற்கு முன்பே உள்சக்கரம் தரையை விடும். மூன்று மீட்டர் ஆரமுள்ள தெருமுனையில் 8 கிலோமீட்டர் வேகத்தில் வரும் முடுக்கம் புவியீர்ப்பு முடுக்கத்தில் ஆறில் ஒரு பங்குதான். நிறைய இடம் மிச்சம். அதே முனையில் 15 கிலோமீட்டர் வேகம் என்றால் எல்லை தாண்டிவிடும். வேகம் இருமடங்கானால் பக்கவாட்டு விசை நான்கு மடங்காகிறது. க்ராத்தோனைச் சுற்றிய கோட்டைக்குள் இருக்கும் குறுகிய சந்துகளில் இது ஏட்டுக் கணக்கு இல்லை.

பயணிகளை முன்னால் வைப்பதன் நன்மை பிரேக்கில் தெரிகிறது. வண்டி நிற்கும்போது எடை முன்னுக்குச் சாயும். அங்கே இரண்டு சக்கரங்கள் அகலமாக ஊன்றியிருப்பதால் வண்டி எளிதில் ஓரமாகச் சரிவதில்லை. முன்னால் ஒற்றைச் சக்கரம் உள்ள வண்டியில் திருப்பத்தில் பிரேக் பிடித்தால் எடை அந்த ஒற்றைச் சக்கரத்தை நோக்கிப் போகும். கவிழும் ஆபத்து கூடும். ஆனால் இந்த நன்மைக்கு ஒரு விலை இருக்கிறது. பெச்சாக்கில் பிரேக் பின்சக்கரத்தில். எடையில் பின்சக்கரம் சுமப்பது மூன்றில் ஒரு பங்கு என்று வைத்துக்கொண்டால், பிரேக் பிடிக்கும்போது அதுவும் குறைகிறது. உலர்ந்த சாலையில் ஒவ்வொரு விநாடியிலும் குறையும் வேகம் விநாடிக்குச் சுமார் 1.5 மீட்டர். பத்து கிலோமீட்டர் வேகத்திலிருந்து நிற்க இரண்டரை மீட்டர் போதும். முப்பது கிலோமீட்டர் வேகத்திலிருந்து நிற்க 23 மீட்டர் வேண்டும். மழைக்காலத்தில் இதற்கும் மேல்.

முப்பது என்பது கற்பனை எண் இல்லை. மோட்டார் சைக்கிளின் பின்பாதியைப் பெச்சாக் கூண்டோடு பற்றவைத்த பெந்தோர் எனும் வண்டிகள் யோக்யகர்த்தா சாலைகளில் ஏராளம். மிதிக்கும் ஓட்டுநர்களில் பலர் வயதானவர்கள். நாள் முழுக்க மிதித்துத் தேய்ந்த முழங்காலுக்கு எஞ்சின் எவ்வளவு பெரிய விடுதலை என்பது எனக்குப் புரிகிறது. அவர்களைக் குறை சொல்ல மனம் வரவில்லை. ஆனால் எட்டு கிலோமீட்டர் வேகத்துக்காக உருவான அகலமும் உயரமும் பிரேக்கும் முப்பதில் ஓடும்போது, மோதலில் முதலில் அடி வாங்குவது முன்னால் திறந்தவெளியில் உட்கார்ந்திருக்கும் பயணி.

ஜகார்த்தா எடுத்த வழி வேறு. 1980களில் பெச்சாக்குகளை ஆயிரக்கணக்கில் பறிமுதல் செய்து ஜகார்த்தா விரிகுடாவில் கொட்டினார்கள். பிழைப்பே கடலுக்குள் போனது. யோக்யகர்த்தா மாகாணம் 2016இல் பெச்சாக்கையும் ஆந்தோங் குதிரை வண்டியையும் மரபுப் போக்குவரத்தாக ஏற்று ஒழுங்குமுறை கொண்டுவந்தது. மிதிப்புக்குத் துணை செய்யும் மின்மோட்டார் பொருத்திய பெச்சாக்குகளும் அங்கே அறிமுகமாகியிருக்கின்றன. எனக்குச் சரியாகப் படுவது இந்த வழிதான், காரணம் கணக்கிலேயே இருக்கிறது. அரை சதவீத ஏற்றத்தில் 8 கிலோமீட்டர் வேகத்தைக் காக்க ஏறக்குறைய 100 வாட் வேண்டும். மனிதர் 40 தந்தால் மோட்டார் 60 தந்தால் போதும். அப்படி நான்கு மணி நேரம் ஓடினாலும் 240 வாட்-மணிதான் செலவு, சின்ன பேட்டரி. வேகத்தை எட்டு, பத்துக்குள் கட்டுப்படுத்தினால் திருப்பத்தின் கணக்கும் பிரேக்கின் கணக்கும் மாறுவதில்லை. பேட்டரியைச் சேணத்துக்கு அடியில் வைத்தால் அந்த எடை பின்சக்கரத்தின் மேல் விழுந்து, பிரேக்குக்குக் கொஞ்சம் கூடுதல் பிடிமானமும் தரும்.