எலக்‌ஷன் டியூட்டி ஆணை வந்தால்: யாரை அழைக்கலாம், எதுவரை அழைக்கலாம்?

தேர்தல் ஆணையத்துக்கென்று ஊர் ஊராக ஊழியர்கள் கிடையாது. வாக்குச்சாவடியில் உட்காருபவர் பள்ளி ஆசிரியராகவோ வங்கி கிளார்க்காகவோ இருப்பார். எந்தச் சாவடி என்பதைக் கம்ப்யூட்டர் குலுக்கல்தான் முடிவு செய்யும். அரசமைப்புச் சட்டத்தின் 324(6) பிரிவுப்படி, ஆணையம் கேட்டால் குடியரசுத் தலைவரோ ஆளுநரோ ஊழியர்களைத் தந்தாக வேண்டும். சரி, யாரையெல்லாம் கேட்கலாம்? வழக்குகள் அங்கேதான் முளைத்தன.

பாட்னாவில் ஸ்டேட் வங்கி ஊழியர் சங்கம் தொடுத்த வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. வங்கி ஊழியர்கள் ஆளுநரின் கீழ் வருபவர்கள் அல்ல, அவர்களைக் கட்டாயமாக எடுக்க முடியாது என்று தீர்ப்பு வந்தது. பிறகு நாடாளுமன்றம் சட்டத்தையே மாற்றிவிட்டது. 1998 திருத்தத்துக்குப் பிறகு, மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 1951-இன் 159-ஆவது பிரிவில் உள்ளாட்சிகள், பல்கலைக்கழகங்கள், அரசு நிறுவனங்கள், சட்டத்தால் அமைந்த அல்லது பெரும்பாலும் அரசுப் பணத்தில் நடக்கும் அமைப்புகள் எல்லாம் அடக்கம். சாதாரணத் தனியார் கம்பெனி அந்தப் பட்டியலில் இல்லை.

ஆசிரியர்கள் கதை வேறு. 2007 டிசம்பரில், செயின்ட் மேரீஸ் பள்ளி வழக்கில், வாக்காளர் பட்டியல் வேலையை விடுமுறை நாளிலும் பாடம் இல்லாத நேரத்திலும்தான் ஆசிரியர்களிடம் தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் கோடு கிழித்தது. 2009 கல்வி உரிமைச் சட்டத்தின் 27-ஆவது பிரிவு ஆசிரியர்களைப் பிற வேலைகளுக்கு அனுப்பக் கூடாது என்கிறது. ஆனால் மக்கள்தொகைக் கணக்கெடுப்பு, பேரிடர் நிவாரணம், தேர்தல் ஆகிய மூன்றுக்கும் விலக்கு. அந்த விலக்கைப் பிடித்துக்கொண்டு வகுப்பு நேரத்திலும் பட்டியல் வேலை வாங்குவது, என் பார்வையில், 2007 தீர்ப்பின் நோக்கத்துக்கே எதிரானது.

அப்புறம், வேலையில் சேர்ந்தபின் யார் மேலதிகாரி? தேர்தல் பணியில் இருப்பவர் ஆணையத்தின் கீழ் அயல்பணியில் (டெபுடேஷனில்) இருப்பதாகச் சட்டம் கருதுகிறது. அப்படியானால் தண்டிக்கும் அதிகாரமும் ஆணையத்துக்கா? 1993-இல், மத்திய அரசுடனான இந்தத் தகராறு தீரும் வரை தேர்தலே இல்லை என்று அன்றைய தலைமைத் தேர்தல் ஆணையர் டி.என்.சேஷன் உத்தரவு போட்டார். 2000-இல்தான் உச்ச நீதிமன்றத்தில் சமரசம் பதிவானது. அதன்படி ஆணையம் ஊழியரை சஸ்பெண்ட் செய்யலாம், மாற்றலாம், திருப்பி அனுப்பலாம். ஒழுங்கு நடவடிக்கைக்குப் பரிந்துரைக்கவும் செய்யலாம். நடவடிக்கையைச் சொந்தத் துறைதான் எடுக்க வேண்டும். அதற்கு ஆறு மாதம் கெடு.

தண்டனையில் ஒரு வேடிக்கை உண்டு. வாக்குப்பதிவுப் பணியில் கடமை தவறினால் 1951 சட்டத்தின் 134-ஆவது பிரிவில் 500 ரூபாய் வரை அபராதம், அவ்வளவுதான். வாக்காளர் பட்டியல் வேலையில் தவறினாலோ, மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 1950-இன் 32-ஆவது பிரிவில் மூன்று மாதம் முதல் இரண்டு ஆண்டு வரை சிறை! 2025-இல் வாக்காளர் பட்டியலின் தீவிரத் திருத்தப் பணி நடந்தபோது உத்தரப் பிரதேசத்தில் பி.எல்.ஓ.க்கள் (அந்தப் பணியைச் செய்யும் வாக்குச்சாவடி நிலை அலுவலர்கள்) மீது எஃப்.ஐ.ஆர். பதிவானது இதன் கீழ்தான். பி.எல்.ஓ.க்களின் மரணங்களும் செய்தியாயின. இது தொடர்பாகத் தமிழக வெற்றிக் கழகம் உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. டிசம்பர் 4 அன்று வந்த உத்தரவில், பளு குறையும்படி மாநிலங்கள் கூடுதல் ஆட்களைத் தர வேண்டும், தனிப்பட்ட காரணம் சொல்லி விலக்குக் கேட்பவரின் மனுவைத் தனித்தனியே பரிசீலித்து மாற்று ஆள் போட வேண்டும் என்று நீதிபதிகள் சொன்னார்கள்.

ஆகவே உடல்நிலை, கர்ப்பம் போன்ற காரணம் இருந்தால் வாயால் சொல்லிவிட்டு இருந்துவிடாதீர்கள். மாவட்டத் தேர்தல் அலுவலரான ஆட்சியருக்குச் சான்றுகளுடன் எழுதிக் கொடுத்து, நகலில் சீல் வாங்கிக்கொள்ளுங்கள். பதில் வராத நிலையில் பயிற்சி வகுப்புக்குப் போகாமல் இருந்தால் மெமோ வரும். பயிற்சிக்குப் போகும்போது தபால் வாக்குக்கான படிவம் 12-ஐயும் அங்கேயே கேட்டு வாங்கிவிடுங்கள்.