பழைய கேம் ஓடவில்லையா? ஆன்டிவைரஸை அணைக்கும் முன் இதைப் படியுங்கள்

ரோடு ராஷ், டேஞ்சரஸ் டேவ், வைஸ் சிட்டி. கோடை லீவு விட்டால் சர்வீஸ் கடைகளில் இந்தப் பெயர்கள் தவறாமல் காதில் விழும். "ஏனுங்க, சிடி நல்லாத்தான் இருக்குது, கம்ப்யூட்டரும் புதுசுங்க, ஆனா ஓட மாட்டீங்குது" என்று வருகிறவர்களில் பலர் அதற்குள் ஏதோ ஒரு வீடியோவைப் பார்த்து ஆன்டிவைரஸை அணைத்து, ஊர் பேர் தெரியாத தளத்தில் இருந்து நாலு டிஎல்எல் ஃபைலை (புரோகிராம் ஓடத் தேவைப்படும் துணை ஃபைல்) இறக்கிப் போட்டிருப்பார்கள். அப்படியும் கேம் ஓடியிருக்காது. அதே கம்ப்யூட்டரில்தான் வங்கிக் கணக்கும் ஜிஎஸ்டி லாகினும் இருக்கும். திருப்பூரில் ஜாப் ஒர்க் யூனிட் வைத்திருப்பவருக்கு இது விளையாட்டுச் சமாச்சாரம் இல்லை.

ஒழுங்கான ஒரிஜினல் கேம் ஓடாமல் போவதற்கு ஆன்டிவைரஸ் காரணமாக இருப்பது அபூர்வம். கேம் எதிர்பார்க்கிற ஏதோ ஒன்று புது விண்டோஸில் இல்லை, அவ்வளவுதான். எது இல்லை என்று கண்டுபிடித்து அதை மட்டும் கொடுத்தால் போதும். அதற்கு முதலில் அந்த கேம் எந்தக் காலத்தது என்று தெரிய வேண்டும்.

1995-க்கு முந்தியது என்றால் பெரும்பாலும் டாஸ் (விண்டோஸுக்கு முந்திய, கட்டளை அடித்து ஓட்டும் சிஸ்டம்) கேம். பிரின்ஸ் ஆஃப் பெர்சியாவும் டேவும் இந்த ரகம். இவை 16-பிட் புரோகிராம்கள். 64-பிட் விண்டோஸில் இவற்றை ஓட்டுகிற பகுதியையே எடுத்துவிட்டார்கள். பிராசஸரும் 64-பிட் முறைக்குப் போய்விட்டால் பழைய 8086 சிப் போல நடிக்கிற வசதியை விட்டுவிடும். விண்டோஸ் 11 வருவதே 64-பிட்டில் மட்டும்தான். ஆகவே ரைட் கிளிக் செய்து காம்பேட்டபிலிட்டி டேபில் விண்டோஸ் 95 என்று எத்தனை தடவை டிக் அடித்தாலும் டாஸ் கேம் எழுந்திருக்காது. டாஸ்பாக்ஸ் என்ற இலவச எமுலேட்டர்தான், அதாவது பழைய டாஸ் கம்ப்யூட்டர் போல நடிக்கும் புரோகிராம்தான் அதற்கு வழி.

சி டிரைவில் டாஸ்கேம்ஸ் என்று ஒரு ஃபோல்டர் போட்டு, உள்ளே கேமுக்கு ஒரு ஃபோல்டர் வையுங்கள். பெயர் ஆங்கிலத்தில் எட்டு எழுத்துக்குள், நடுவில் இடம் விடாமல் இருக்கட்டும். டாஸுக்கு அதற்கு மேல் படிக்கத் தெரியாது. டாஸ்பாக்ஸைத் திறந்து 'மவுண்ட் சி சி:\டாஸ்கேம்ஸ்' என்று ஆங்கிலத்தில் அடித்து என்டர். அடுத்து 'சி:', அடுத்து (கேம் ஃபோல்டரின் பெயர் டேவ் என்றால்) 'சிடி டேவ்', கடைசியாக கேமின் இஎக்ஸ்இ பெயர். சோம்பேறித்தனமாக மொத்த சி டிரைவையும் மவுண்ட் செய்யாதீர்கள். டாஸ்பாக்ஸே வேண்டாம் என்று எச்சரிக்கும். உள்ளே ஓடும் புரோகிராம் மவுண்ட் செய்த இடத்தில் எதை வேண்டுமானாலும் எழுதலாம், அழிக்கலாம். பழைய சிடியில் வைரஸ் இருந்தால் அது கைவைக்கப் போவது அந்த ஒரு ஃபோல்டரோடு நிற்கட்டும்.

கேம் ஓடியபின் வருகிற முதல் புகார் வேகம். ஒன்று ஆமையாக நகரும், அல்லது பொம்மை கண்ணில் படாத வேகத்தில் பறக்கும். டாஸ்பாக்ஸ் வேகத்தை 'சைக்கிள்ஸ்' என்று எண்ணில் வைக்கும். 0.74 பதிப்பில் சாதாரண கேம்களுக்கு 3000-ல் தொடங்கும். கன்ட்ரோலும் எஃப்12-ம் சேர்த்து அழுத்தினால் கூடும், கன்ட்ரோல் எஃப்11 குறைக்கும். இப்போது எவ்வளவு என்று விண்டோவின் தலைப்பிலேயே தெரியும். லேப்டாப்பில் இந்தக் கீகள் வேலை செய்யாவிட்டால் எஃப்என் கீயையும் சேர்த்துப் பிடியுங்கள். 486 பிராசஸர் காலத்துக் கனமான கேம்களுக்கு 20,000 முதல் 25,000 வரை வைத்தால் சரியாக இருக்கும். 'ரன்டைம் எரர் 200' என்று வந்து நின்றால் அதுவும் வேகத்தால் வருவதே. டர்போ பாஸ்கலில் எழுதிய புரோகிராம்கள் தொடங்கும்போது பிராசஸரின் வேகத்தை எண்ணி ஒரு வகுத்தல் செய்யும். சுமார் 200 மெகாஹெர்ட்ஸுக்கு மேல் போனால் விடை 16 பிட்டுக்குள் அடங்காது, புரோகிராம் விழுந்துவிடும். சைக்கிள்ஸைக் குறைத்தால் தீரும்.

சத்தம் வரவில்லை என்றால் கேமின் செட்டப் புரோகிராமை டாஸ்பாக்ஸுக்குள் ஓட்டி, சவுண்ட் பிளாஸ்டர் 16, அட்ரஸ் 220, ஐஆர்க்யூ 7, டிஎம்ஏ 1 என்று கொடுங்கள். படம் சப்பையாகத் தெரிந்தால் டாஸ்பாக்ஸின் கான்ஃபிக் ஃபைலில் 'ஆஸ்பெக்ட்' என்ற வரியை 'ட்ரூ' ஆக்குங்கள். 320-க்கு 200 என்ற அந்தக் காலத்துப் படம் 4:3 மானிட்டரில் மேலும் கீழும் இழுபட்டுத் தெரிவதற்காகவே வரைந்தது. மவுஸ் உள்ளே மாட்டிக்கொண்டால் கன்ட்ரோல் எஃப்10. இந்த நாலைந்து கீயைத் தெரிந்து வைத்திருந்தால் டாஸ் கேமுக்குக் கடைக்கே வர வேண்டியதில்லை.

விண்டோஸ் 95, 98 காலத்துக் கேம்கள்தான் உண்மையில் தலைவலி. கேம் 32-பிட்டாக இருக்கும், அதன் இன்ஸ்டாலர் மட்டும் 16-பிட்டாக இருக்கும். செட்டப்பை கிளிக் செய்ததுமே 'இந்த ஆப் உங்கள் பிசியில் ஓடாது' என்று விண்டோஸ் கையை விரித்துவிடும். சிடிக்குள் ஃபைல்கள் சுருக்கப்படாமல் அப்படியே இருந்தால் ஃபோல்டரோடு காப்பி செய்து இஎக்ஸ்இயை நேராக ஓட்டிப் பாருங்கள். சிலது அப்படியே ஓடிவிடும். இல்லாவிட்டால் ஓடிவிடிஎம் (otvdm) என்ற சின்ன இலவசக் கருவி 16-பிட் இன்ஸ்டாலரை ஓட்டிக் கொடுக்கும். இன்ஸ்டால் செய்கிற இடம் புரோகிராம் ஃபைல்ஸ் வேண்டாம், சி:\கேம்ஸ் போதும். புரோகிராம் ஃபைல்ஸுக்குள் எழுத விண்டோஸ் விடாது. கேம் சேவ் செய்வதை விர்ச்சுவல்ஸ்டோர் என்ற மறைவிடத்துக்குத் திருப்பிவிடும், பிறகு சேவ் எங்கே என்று தேடிக்கொண்டிருக்க வேண்டியதுதான்.

அடுத்தது படம். நிறம் கன்னாபின்னாவென்று மாறுவது, கறுப்புத் திரை, மெனு மட்டும் தெரியாமல் போவது எல்லாம் பழைய டைரக்ட்டிராவால் வருபவை. விண்டோஸில் கேம்களுக்குப் படமும் சத்தமும் கொடுக்கும் டைரக்ட்எக்ஸ் தொகுப்பில் படம் வரையும் பழைய பகுதி அது. டிஜிவூடூ 2 என்ற கருவி பழைய டைரக்ட்எக்ஸ் அழைப்புகளைப் புதிய டைரக்ட்எக்ஸ் 11, 12-க்கு மாற்றிக் கொடுக்கும். அதன் எம்எஸ் ஃபோல்டருக்குள் எக்ஸ்86 ஃபோல்டரில் இருக்கும் டிடிரா, டி3டிஇம், டி3டி8 டிஎல்எல்களை எடுத்து, கேமின் இஎக்ஸ்இ இருக்கும் அதே ஃபோல்டரில் வையுங்கள். சிஸ்டம்32-க்குள் கொண்டுபோய்ப் போடக் கூடாது. கூடவே அதன் கன்ட்ரோல் பேனல் இஎக்ஸ்இயையும் வைத்துத் திறந்தால் ரெசல்யூஷன், ஃபிரேம் வேகம் எல்லாம் மாற்றலாம். 3டி கேமில் திரை மூலையில் டிஜிவூடூ என்ற முத்திரை தெரிந்தால் வேலை செய்கிறது என்று அர்த்தம். பிறகு டைரக்ட்எக்ஸ் டேபில் அந்த முத்திரையை எடுத்துவிடலாம். முத்திரையே வரவில்லை என்றால் எக்ஸ்64 ஃபோல்டரில் இருந்து எடுத்துவிட்டீர்களா என்று பாருங்கள்.

2005 முதல் 2010 வரையிலான கேம்களில் அதிகம் வரும் செய்தி 'டி3டிஎக்ஸ்9_43.டிஎல்எல் இல்லை' என்பது. எண் மட்டும் மாறும். இந்த இடத்தில்தான் ஆட்கள் கூகுளில் தேடி 'ஃப்ரீ டிஎல்எல்' தளங்களில் மாட்டுகிறார்கள். அங்கே கிடைப்பது யார் தொட்ட ஃபைல் என்று யாருக்கும் தெரியாது. மைக்ரோசாஃப்டின் சொந்தத் தளத்தில் 'டைரக்ட்எக்ஸ் எண்ட் யூசர் ரன்டைம்ஸ், ஜூன் 2010' என்று சுமார் 95 எம்பியில் ஒரே தொகுப்பாக இருக்கிறது. உங்களிடம் டைரக்ட்எக்ஸ் 12 இருந்தாலும் இதைப் போடலாம். எதையும் பின்னுக்கு இழுக்காது, விட்டுப்போன ஃபைல்களை மட்டும் சேர்க்கும். ஆனால் இறக்கிய ஃபைலை ஓட்டியதும் அது இன்ஸ்டால் ஆகாது. ஒரு ஃபோல்டரைக் கேட்டு அதற்குள் பிரித்துப் போடும், அவ்வளவே. பிரித்த ஃபோல்டருக்குள் போய் டிஎக்ஸ்செட்டப்பை ஓட்ட வேண்டும். இந்த இரண்டாம் படியை விட்டுவிட்டு "போட்டேனுங்க, அப்பவும் அதே எரர்" என்று சொல்பவர்கள் நிறைய.

ஒரிஜினல் டிஸ்க் போட்டும் கேம் திறக்காமல் போவது வேறு கதை. 2000-களில் காப்பி அடிப்பதைத் தடுக்க சேஃப்டிஸ்க் என்ற பூட்டைப் போட்டார்கள். நீட் ஃபார் ஸ்பீட்: மோஸ்ட் வான்டட் டிஸ்கிலும் அதுதான். அந்தப் பூட்டு எஸ்இசிடிஆர்வி என்ற டிரைவரை நம்பியிருந்தது. அதில் பாதுகாப்பு ஓட்டைகள் இருந்ததால் விண்டோஸ் 10-ல் மைக்ரோசாஃப்ட் அதை அடியோடு எடுத்துவிட்டது. 2015 செப்டம்பர் அப்டேட்டில் விண்டோஸ் 7, 8-லும் முடக்கியது. விண்டோஸின் டிரைவர் சோதனையைத் தளர்த்தும் டெஸ்ட் மோடைப் போட்டு அந்த டிரைவரைத் திரும்ப ஏற்றச் சொல்லும் வீடியோக்கள் உண்டு. செய்யாதீர்கள். விண்டோஸின் ஆணிவேருக்குள் போகிற டிரைவர் அது. ஒரு கார் ரேஸுக்காக அந்தக் கதவைத் திறந்துவைப்பது நஷ்டக் கணக்கு. கேம் நிறுவனமே பூட்டை எடுத்துவிட்டு பேட்ச் வெளியிட்டிருக்கிறதா என்று பாருங்கள், அல்லது ஜிஓஜி போன்ற ஆன்லைன் கடையில் பூட்டில்லாத பதிப்பை வாங்குங்கள். 2008-ல் தொடங்கிய அந்தத் தளத்தில் டாஸ் கேம்கள் டாஸ்பாக்ஸோடு சேர்த்தே வரும். இரண்டும் இல்லை என்றால் எக்ஸ்பியை விர்ச்சுவல் மெஷினில் (கம்ப்யூட்டருக்குள் ஓடும் இன்னொரு போலிக் கம்ப்யூட்டர்) போட்டு, அதன் நெட்வொர்க்கைத் துண்டித்து, அதற்குள் ஓட்டிப் பாருங்கள். எக்ஸ்பி போட்ட எந்தப் பெட்டியையும் இன்டர்நெட்டில் இணைக்காதீர்கள்.

வைஸ் சிட்டி, சான் ஆண்ட்ரியாஸ் பற்றித் தனியாகச் சொல்லியே ஆக வேண்டும், கேட்பவர்கள் அவ்வளவு பேர். சான் ஆண்ட்ரியாஸில் மவுஸ் அசையாமல் போனாலோ, திறந்ததும் மூடிக்கொண்டாலோ, டாகுமெண்ட்ஸில் உள்ள அதன் யூசர் ஃபைல்ஸ் ஃபோல்டரைத் திறந்து 'ஜிடிஏ_எஸ்ஏ.செட்' என்ற ஒரே ஃபைலை அழியுங்கள். செட்டிங்ஸ்தான் போகும், சேவ் போகாது. டாகுமெண்ட்ஸ் ஃபோல்டரை ஒன்டிரைவ் எடுத்துக்கொண்டிருந்தால் அங்கே தேட வேண்டும். செட்டிங்ஸில் ஃபிரேம் லிமிட்டரை ஆனிலேயே விடுங்கள். இந்தக் கேமில் உடல் அசைவுக் கணக்கு ஃபிரேமோடு கட்டப்பட்டது, லிமிட்டரை எடுத்தால் நீச்சல் மந்தமாகிவிடும். புது மானிட்டர் 144 ஹெர்ட்ஸ் என்ற பெருமையெல்லாம் இங்கே செல்லாது. மீதிக் கோளாறுகளுக்கு சைலன்ட்பேட்ச் என்ற இலவசத் திருத்தம் இருக்கிறது, செய்தவரின் சொந்தப் பக்கத்தில் இருந்து மட்டும் எடுங்கள். இவற்றின் பழைய பதிப்புகளை 2021-ல் ஆன்லைன் கடைகளில் இருந்து எடுத்துவிட்டார்கள் என்பதால், வீட்டில் ஒரிஜினல் டிஸ்க் இருந்தால் பத்திரப்படுத்துங்கள்.

பத்திரம் என்றதும் எல்லோரும் அடிப்பக்கக் கீறலைத்தான் பார்க்கிறார்கள். சிடியில் அதைவிட ஆபத்தானது பெயர் அச்சடித்த மேல்பக்கம். தகவல் பதிந்த படலம் அங்கே மெல்லிய வார்னிஷுக்குக் கீழேயே இருக்கிறது. அங்கே கீறினால் பாலிஷ் போட்டும் பயனில்லை. துடைக்கும்போது வட்டமாகத் துடைக்காமல் நடுவில் இருந்து விளிம்புக்கு நேராகத் துடையுங்கள். சோமனூர், பல்லடம் பக்கம் தறி ஓடும் வீடுகளில் டிஸ்கைவிட டிரைவ்தான் குற்றவாளி. லேப்டாப் டிரைவின் டிரேயை வெளியே இழுத்தால் லென்ஸ் மேல் பஞ்சு படிந்து வெள்ளைப் படலமாகத் தெரியும். கேமரா துடைக்கும் ரப்பர் புளோயரால் ஊதி, போகாவிட்டால் மட்டும் பட்ஸில் துளி ஐசோபுரொப்பைல் ஆல்கஹால் தொட்டு அழுத்தாமல் ஒற்றுங்கள். சேனிட்டைசர் வேண்டாம், பிசின் ஒட்டும்.

டிரைவ் படித்துவிட்டால் உடனே ஒரு நகல் எடுத்து, டிஸ்கை உறைக்குள் வையுங்கள். காசு கொடுத்து வாங்கிய புரோகிராமுக்குக் காப்பு நகல் எடுத்துக்கொள்ள 1957 பதிப்புரிமைச் (காப்பிரைட்) சட்டத்தின் 52-ஆம் பிரிவு இடம் தருகிறது. நாலு பேருக்குக் கொடுக்க இடமில்லை. இம்க்பர்ன் என்ற நகல் எடுக்கும் புரோகிராமில் வேகத்தை 8எக்ஸுக்குக் குறைத்துப் படிக்க விடுங்கள். 1996-ல் வந்த குவேக் போன்ற டிஸ்குகளில் பாட்டு ஃபைலாக இருக்காது, 2-ஆம் டிராக் முதல் ஆடியோ சிடி போலவே பதிந்திருக்கும். அதை ஐஎஸ்ஓ என்ற ஒற்றை நகல் ஃபைலாக எடுத்தால் கேம் ஓடும், பாட்டு வராது. பின் (.bin), கியூ (.cue) என்ற ஜோடி ஃபைலாக எடுக்க வேண்டும். டாஸ்பாக்ஸில் 'imgmount d game.cue -t cdrom' என்று ஏற்றினால் பாட்டும் வரும்.

பவுச்சில் இருக்கிற 'நூறு கேம் ஒரே சிடி' வகையறாக்களை முதலில் ஸ்கேன் செய்யாமல் தொடாதீர்கள். இஎக்ஸ்இ ஃபைல்களுக்குள் போய் ஒட்டிக்கொள்ளும் சாலிட்டி வைரஸ் பரவிய காலத்தில் எழுதியவை பல. ஆன்டிவைரஸ் அங்கே கத்தினால் அது வேலையைத்தான் செய்கிறது.

ஹாஸ்டல் காலத்து நண்பர்கள் கூடி ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2-ஐ லேனில் ஆட நினைத்தால் கன்ட்ரோல் பேனலில் விண்டோஸ் ஃபீச்சர்ஸ் பட்டியலைத் திறந்து, லெகசி காம்பொனென்ட்ஸுக்குக் கீழே, பழைய கேம்களை நெட்வொர்க்கில் இணைக்கும் டைரக்ட்பிளேவை டிக் செய்யுங்கள். நெட்வொர்க் 'பிரைவேட்' என்று இருக்கட்டும். ஃபயர்வாலை மொத்தமாக அணைக்க வேண்டியதில்லை, அந்தக் கேமுக்கு மட்டும் அனுமதி கொடுத்தால் போதும்.

அட்டாலியில் கிடக்கும் பென்டியத்தையே எழுப்பிவிடலாம் என்கிறவர்களுக்கும் தடையில்லை. ஸ்விட்சைப் போடும் முன் மூடியைக் கழற்றிப் பாருங்கள். பிராசஸர் ஃபேனுக்கு அடியில் பஞ்சு அடைத்திருக்கும், மதர்போர்டில் கெப்பாசிட்டர் தலை உப்பியிருந்தால் கரண்ட் கொடுக்காதீர்கள். கம்ப்யூட்டருக்குக் கரண்ட் கொடுக்கும் எஸ்எம்பிஎஸ் பெட்டியை மட்டும் வீட்டில் பிரிக்கக் கூடாது, பிளக்கைப் பிடுங்கிய பிறகும் உள்ளே மின்சாரம் தேங்கியிருக்கும். தேதி நிற்கவில்லை என்றால் சிஆர்2032 பேட்டரி ஒன்று மாற்றினால் சரி. விண்டோஸ் 98 போடுவதாக இருந்தால் ரேமை 512 எம்பிக்கு மேல் ஏற்றாதீர்கள். ஒரு ஜிபி போட்டால் பூட் ஆகவே தகராறு செய்யும்.