நினைத்தால் மழை பெய்யுமா?

மனதில் ஒன்றை உறுதியாக விரும்பினால் வெளியே உலகமே அதற்கேற்ப மாறிவிடும் இயந்திரத்தை அறிவியல் புனைகதைகள் விதவிதமாகக் கற்பனை செய்திருக்கின்றன. நிஜத்தில் அப்படி ஒன்றைக் கட்ட வேண்டுமானால் அது மூன்று வேலை செய்தாக வேண்டும்: விருப்பத்தைப் படிக்க வேண்டும், அது உண்மையிலேயே விருப்பம்தானா என்று முடிவு செய்ய வேண்டும், அப்புறம் அதை நடத்திக் காட்ட வேண்டும்.

முதல் வேலை ஓரளவு இப்போதே நடக்கிறது. நம் மூளையில் சுமார் 8,600 கோடி நரம்பு செல்கள் இருக்கின்றன. ஒவ்வொன்றும் துடிக்கும்போது ஏறத்தாழ 0.1 வோல்ட் அளவுக்கு ஒரு சின்ன மின்மாற்றம் வந்து போகிறது. லட்சக்கணக்கான செல்கள் சேர்ந்து எழுப்பும் சலனம் மண்டையோட்டைத் தாண்டி வெளியே வரும்போது சில பத்து மைக்ரோவோல்ட்தான் மிஞ்சும். அதாவது ஒரு வோல்ட்டில் லட்சத்தில் சில பங்கு. 1924-இல் ஜெர்மானிய மருத்துவர் ஹான்ஸ் பெர்கர் இதை முதன்முதலாக மனிதத் தலையிலிருந்து பதிவு செய்தார். பாளையங்கோட்டை ஆஸ்பத்திரிகளில் வலிப்பு நோயாளிகளுக்கு எடுக்கும் ஈஈஜி அதன் வழிவந்ததுதான்.

கையை மடியில் வைத்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருங்கள். கை அசைவைக் கவனிக்கும் மூளைப் பகுதிக்கு மேலே நொடிக்கு 8 முதல் 13 முறை ஏறி இறங்கும் ஓர் அலை ஓடும். இப்போது வலது கையை இறுக மூடுவதாக நினைக்க மட்டும் செய்யுங்கள். விரல் அசையாது, ஆனால் தலையின் இடது பக்கத்தில் அந்த அலை தணியும். அந்தத் தணிவைக் கணினி பிடித்துக்கொண்டால், நினைப்பு ஒரு கட்டளையாகிவிடுகிறது. சிக்கல் என்னவென்றால், ஒருமுறை கண் சிமிட்டினால் எழும் மின்சலனம் இதைவிடப் பல மடங்கு பெரியது. ஈஈஜி எடுப்பவர் “அசையாம இருங்க” என்று திரும்பத் திரும்பச் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம்.

இன்னும் தெளிவு வேண்டுமென்றால் மூளைக்கு உள்ளேயே போக வேண்டும். மூளையில் பதிக்கும் 4 மில்லிமீட்டர் சதுரச் சில்லு ஒன்றில் ஊசி போன்ற மின்முனைகள் சுமார் நூறு இருக்கும். பக்கவாதத்தால் ஏறக்குறைய 15 ஆண்டுகள் கைகால் அசைக்க முடியாமலிருந்த ஒரு பெண், இந்தச் சில்லின் உதவியோடு ரோபோ கை ஒன்றை நினைப்பாலேயே நகர்த்தி, காபி பாட்டிலைத் தன் வாயருகே கொண்டுவந்து குடித்தார். அந்த ஆய்வு 2012-இல் வெளியானது. இந்தத் துறையில் எத்தனையோ சாதனைகள் வந்துவிட்டன. எனக்கு அந்த ஒரு வாய்க் காபிக்கு ஈடாக எதுவும் தோன்றவில்லை.

ஆனால் பாட்டிலைத் தூக்கியது அவருடைய நினைப்பு அல்ல, மின்சாரத்தில் ஓடிய மோட்டார். கன்னடியன் கால்வாயில் மதகைத் திறப்பவர் பலகையைத்தான் தூக்குகிறார், வயலுக்கு ஓடும் தண்ணீரைத் தள்ளுவது அவர் கை அல்ல. மன இயந்திரத்திலும் விருப்பத்தின் வேலை அவ்வளவுதான். பலம் வேறெங்கிருந்தோ வந்தாக வேண்டும்.

எவ்வளவு பலம்? கணக்குப் போட்டுப் பார்க்கலாம். ராதாபுரம் பக்கம் மானாவாரி விதைத்தவர் ஒருவர் தன் ஊரில் ஒரு சதுர கிலோமீட்டருக்கு ஒரு சென்டிமீட்டர் மழை வேண்டுமென்று விரும்புகிறார். பேராசை ஒன்றுமில்லை, ஒரு நல்ல மழை. அது ஒரு கோடி லிட்டர் தண்ணீர். அவ்வளவையும் கடலிலிருந்து ஆவியாக்க, கிலோவுக்கு சுமார் 24.5 லட்சம் ஜூல் வீதம் வெப்பம் தேவை. அதே தாலுகாவில் இருக்கும் கூடங்குளத்தின் முதல் இரண்டு உலைகளும் தரும் 2,000 மெகாவாட் மின்சாரத்தையும் முழுதாகக் கொடுத்தால் ஏறத்தாழ மூன்றரை மணி நேரம் ஆகும். நம் மூளை சுமார் 20 வாட்டில் ஓடுகிறது. அதை மட்டும் நம்பி உட்கார்ந்தால் 39,000 ஆண்டுகளுக்குக் கொஞ்சம் குறைவாகக் காத்திருக்க வேண்டும். தென்மேற்குப் பருவக்காற்று பாபநாசம் மலையில் கொட்டும் மழைக்கெல்லாம் இந்தச் செலவைச் சூரியன் செய்கிறது.

சரி, ஆற்றலுக்கும் வழி பிறந்தது என்றே வைத்துக்கொள்வோம். அது உண்மையிலேயே விருப்பம்தானா என்று முடிவு செய்யும் நடு வேலை அப்படியே நிற்கிறது. கோபத்தில் “நாசமாப் போ” என்கிறோம், அடுத்த நொடியே மறந்துவிடுகிறோம். இயந்திரம் அதை நிறைவேற்றிவிட்டால்? கையை அசைக்க விரும்புவதும், அசைப்பதாகச் சும்மா கற்பனை செய்வதும் மூளையில் பெருமளவு ஒரே பகுதிகளைத்தான் எழுப்புகின்றன. பேச்சும் அப்படியே. அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்ட் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2025-இல் வெளியிட்ட ஆய்வில், பேச முடியாதவர்கள் மனதுக்குள் சொல்லும் சொற்களையும் சில்லு ஓரளவு படித்தது. சொல்ல விரும்பாததையும் அது படித்துவிடுமே என்பதால் ஒரு பூட்டு வைத்தார்கள். குறிப்பிட்ட ஒரு சாவிச்சொல்லை மனதுக்குள் சொன்ன பிறகுதான் கருவி கேட்கத் தொடங்கும். மன இயந்திரம் கட்டுபவர் எவராக இருந்தாலும் முதலில் செய்ய வேண்டிய பாகம் இதுதான் என்பேன்.

அதுவும் ஒற்றை ஆளுக்குத்தான் போதும். மானாவாரிக்காரர் மழை கேட்கும் அதே நேரம், பக்கத்துச் செங்கல் சூளைக்காரர் பச்சைக்கல் கரைந்துவிடாமல் வெயில் கேட்பார். இருவருமே சாவிச்சொல்லைச் சொல்லிவிட்டார்கள். யார் விருப்பம் பலமானது என்று இயந்திரம் அளக்க முடியுமா? அலையின் உயரத்தை வைத்துச் சொல்ல முடியாது. மண்டையோடு கொஞ்சம் தடித்திருந்தாலே அந்த உயரம் குறையும், மின்முனைக்கு அடியில் தடவிய ஜெல் காய்ந்தால் பதிவே கெடும். இரண்டு மனிதர்களின் ஆசையை எடைபோட்டுப் பார்க்கும் அலகு எதையும் இயற்பியல் இன்றுவரை வைத்திருக்கவில்லை.