காணி உறுதி இல்லாட்டியும் குளக்கட்டு சாட்சி சொல்லும்

முல்லைத்தீவுப் பக்கம் காணி வழக்குப் பாக்கிற லோயர் நான். வாற சனத்தில முக்காவாசிப்பேர் கதிரையில இருக்க முதலே சொல்லுறது "உறுதி 2009ல பங்கருக்கையே போட்டுது பிள்ளை" எண்டுதான். உறுதியெண்டா காணிப் பத்திரம், கடைசிச் சண்டையில பதுங்குகுழியோட போனது.

ஒரு ஐயா வந்தவர். கையில ஒரு துண்டுக் கடதாசியும் இல்ல, ஆனா குளக்கட்டு ஐயனாருக்கு ஆர் முதல் பொங்கல் பானை வைக்கிறது, துருசு (குளத்து மதகு) திறந்தா எந்த வயலுக்கு முதல் தண்ணி, 57ம் ஆண்டு வெள்ளத்துக்கு அவற்ற தேப்பன் கட்டில எந்த இடத்தில நிண்டு மண்மூட்டை அடுக்கினவர் எண்டு ஒண்டரை மணித்தியாலம் சொன்னவர், நான் பேனையை எடுத்து எழுதத் தொடங்கினாப் பிறகுதான் இதெல்லாம் சாட்சியம் எண்டு அவருக்கே விளங்கினது.

எங்கட சனத்துக்குத் தண்ணியும் கோயிலும் காணியும் வேற வேற இல்ல. வற்றாப்பளை அம்மனுக்கு வைகாசிப் பொங்கலுக்கு சிலாவத்தைக் கடல்ல தீர்த்தம் எடுத்து அந்த உப்புத்தண்ணியிலதான் விளக்கெரியுது. அந்தக் கோயில் நிக்கிற நந்திக்கடல் களப்பை 2017ல இயற்கை ஒதுக்கிடம் எண்டு அரசாங்க வர்த்தமானியில (கெசட்) போட்டவை, அங்க மீன்பிடிக்கிற சனம் அதுக்குப் பிறகுதான் அங்கலாய்ச்சது.

2025 மார்ச் 28 வர்த்தமானி ஞாபகம் இருக்கோ? வடக்கில 5,900 ஏக்கருக்கு மேல, மூண்டு மாசத்துக்குள்ள உரிமை கோராட்டி அரச காணி எண்டு வந்தது. யூன் 27ல உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடை போட்டதால தப்பினம். நோட்டீஸ் வந்ததே தெரியாம எத்தினை குடும்பம் வெளிநாட்டில இருந்தது!

அதால இப்பவே தேடுங்கோ. காணிப் பதிவகத்தில உறுதியின்ர பிரதி எடுக்கலாம், அரசாங்கம் அனுமதிப்பத்திரத்தில குடுத்த பெர்மிட் காணியெண்டா பிரதேச செயலகத்தில பதிவேடு இருக்கும், இல்லையெண்டு திருப்பி அனுப்பினா 2016ம் ஆண்டு தகவல் அறியும் சட்டத்தில எழுத்தில கேளுங்கோ. வயலெண்டா கமநல சேவை நிலையத்துப் பதிவேடு, ஏக்கர் வரி கட்டின ரசீது, வயலுக்குத் தண்ணி பங்கிடுற வட்டவிதானையின்ர பழைய கொப்பி, கோயில் கணக்குக் கொப்பி ஒண்டையும் எறிஞ்சு போடாதையுங்கோ. அரச காடெண்டு எல்லைக் கல்லுப் போட்ட இடத்தில கட்டுக்கிணறும் புளியமரமும் நிண்டா உடன போட்டோ எடுத்து வையுங்கோ, அது இடம்பெயர்ந்த ஊர், முப்பது வருசம் ஆள் இல்லாம பத்தை பிடிச்சுக் கிடக்குது, அவ்வளவுதான்.

முக்கியமா எழுபது தாண்டின ஆக்களைக் குளக்கட்டுக்குக் கூட்டிக்கொண்டுபோய், அவை கையால காட்டிக் காட்டிச் சொல்லுறதைப் போன்ல வீடியோ எடுத்து, பிறகு சத்தியக் கடதாசியும் (அஃபிடவிட்) முடியுங்கோ. அந்த ஐயான்ர குளத்தில பானை வரிசை தெரிஞ்ச ஆக்கள் இப்ப ரெண்டே ரெண்டு பேர்தான்.