நேற்றைய கிழங்கு மசியல், இன்றைய ஜெர்மன் அடை

செவ்வாய்க்கிழமை காலை ஒன்பது மணி. ஜெர்மனியில் ஓர் அலுவலக உணவகத்தின் சமையலறை. திங்கள் மதியம் மிஞ்சிய உருளைக்கிழங்கு மசியல், சுமார் இருபது கிலோ, அண்டாவோடு அடுப்பின் மேலேயே மூடிக் கிடந்தது. சமையலறை ஊழியர்களுக்கு உணவுப் பாதுகாப்புப் பயிற்சி கொடுப்பது என் வேலை. தெர்மாமீட்டர் ஊசியை நடுவில் இறக்கினேன். 31 டிகிரி. ராத்திரி முழுக்க இருந்தும் உள்ளே ஆறவே இல்லை.

“அடை தட்டி எண்ணெயில்தானே போடப்போகிறேன், கிருமி எல்லாம் செத்துவிடும்” என்றார் சமையல்காரர். நம் வீடுகளில் “சூடு பண்ணிட்டா சரியாப்போச்சு” என்போமே, அதேதான்.

கிருமி சாகும், அது கக்கிவைத்த நஞ்சு சாகாது. மண்ணிலிருந்து கிழங்கோடு வரும் பேசிலஸ் சீரியஸ் என்ற பாக்டீரியாவின் வித்துகள், கிழங்கு வேகும் கொதியையும் தாங்கிப் பிழைத்துவிடும். மசியல் மெல்ல ஆறும்போது அவை முளைத்துப் பெருகும். அதில் சில வகைகள் விடும் செரியுலைடு என்ற நஞ்சு 121 டிகிரியில் ஒன்றரை மணி நேரம் வைத்தாலும் அழியாது. வாணலியில் அடையின் உட்பகுதி 100 டிகிரியைத் தாண்டுவதே கஷ்டம். சாப்பிட்ட அரை மணியிலிருந்து ஆறு மணிக்குள் வாந்தி பிடுங்கும். வெளியே விட்டுவைத்த சோற்றிலும் இதே ஆள்தான்.

அண்டாவைக் குப்பையில் கொட்டச் சொன்னேன். அவர் முகம் சுண்டிப்போனது. எனக்கும் மனசு கேட்கவில்லைதான்.

மிஞ்சும் என்று தெரிந்தால் அப்போதே அகலத் தட்டில் இரண்டு விரல் உயரத்துக்குப் பரப்பி, ஆவி அடங்கியதும் ஃப்ரிட்ஜில் வையுங்கள். இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெளியே வேண்டாம். 4 டிகிரியில் மூன்று நாள் இருக்கும்.

ருசிக்கும் இதுவே நல்லது. குளிர்ந்த மசியலில் மாவுச்சத்து இறுகியிருப்பதால் அடை உடையாது. கொலோன் பக்கத்துக் கிறிஸ்துமஸ் சந்தைகளில் ஆப்பிள் கூழோடு தரும் ரைபெகூகன் என்ற அடை பச்சைக் கிழங்கைத் துருவிச் செய்வது, மொறுமொறுவென்று இருக்கும். மசியலில் செய்தால் வெளியே முறுகலும் உள்ளே பஞ்சுமாக இருக்கும். இரண்டையும் குழப்பிக்கொண்டு, மொறுமொறுப்பு வரவில்லையே என்று வருந்துபவர்கள் நிறைய.

அரை கிலோ மசியலுக்கு ஒரு முட்டை, மூன்று நான்கு மேசைக்கரண்டி மைதா, பொடியாக அரிந்த வெங்காயம், பார்ஸ்லி, துளி ஜாதிக்காய்த்தூள். பாலும் வெண்ணெயும் தாராளமாகப் போட்ட மசியல் என்றால் மாவு கூடுதலாகக் கேட்கும். வடை தட்டுகிற பதம் வரவேண்டும். ஒன்றரை சென்டிமீட்டர் கனத்தில் தட்டி, இருபுறமும் மாவு தூவி, மிதமான தீயில் பக்கத்துக்கு நான்கு நிமிடம். அடி தானாக விட்டுக்கொடுக்கும்வரை கரண்டியால் நோண்டாதீர்கள். பொன்னிறம் வந்ததும் எடுத்துவிடுங்கள். கருகக் கருக அக்ரிலமைடு கூடும்; புற்றுநோய் தரலாம் என்று அஞ்சப்படும் பொருள் அது. “கருக்காதே, பொன்னாக்கு” என்பது ஜெர்மானியச் சமையலறைகளில் பழகிப்போன வாசகம்.

அடுத்த முறை போனபோது அந்தச் சமையல்காரர் என்னைக் குளிர் அறைக்கே கூட்டிப்போனார். ஆறு அகலத் தட்டுகள், ஒவ்வொன்றிலும் தேதியும் மணியும் எழுதிய ஸ்டிக்கர். மதியம் எனக்கு இரண்டு அடை வந்தது, ஆப்பிள் கூழோடு. ஊறுகாய் இருந்திருந்தால் இன்னும் இரண்டு கேட்டிருப்பேன்.