பார்வையற்ற குதிரையும் நான்கு நற்பண்புகளும்

நல்ல மனம் இருந்தால் போதும், நல்ல செயல் தானாக வந்துவிடும் என்று நம்மில் பலர் நம்புகிறோம். 13ஆம் நூற்றாண்டில் பாரிஸ் பல்கலைக்கழகத்தில் இறையியல் கற்பித்த டொமினிக்கன் துறவற சபையைச் சேர்ந்த துறவி தாமஸ் அக்குவினாஸ் இதை ஏற்கவில்லை. பார்வையற்ற குதிரை எவ்வளவு வேகமாக ஓடுகிறதோ அவ்வளவு பலமாக விழும் என்று அவர் எழுதினார். பிறவியிலேயே துணிச்சலோ இரக்கமோ வாய்த்த ஒருவருக்குச் சரியாகத் தீர்மானிக்கும் அறிவு இல்லாவிட்டால், அந்த நல்ல இயல்பின் வேகமே அவருக்கு ஆபத்தாகிவிடும். இடைக்காலக் கிறிஸ்தவ அறவியலில் நான்கு தலையான நற்பண்புகள் எப்படி இயங்கின என்பதை அறிய இந்தக் குதிரையிலிருந்து தொடங்குவதே நல்லது.

விவேகம், நீதி, மனத்திடம், தன்னடக்கம் ஆகிய நான்கும் கிறிஸ்தவத்தில் பிறந்தவை அல்ல. பிளேட்டோ இவற்றைப் பேசினார். ரோமானிய அரசியல்வாதியும் சிந்தனையாளருமான சிசரோ தம் மக்களுக்கு எடுத்துச் சொன்னார். யூத மரபிலிருந்து வந்த சாலமோனின் ஞானம் என்ற நூலும் இவற்றை ஒரே வசனத்தில் அடுக்குகிறது. 4ஆம் நூற்றாண்டில் மிலான் நகரின் ஆயராக (பிஷப்பாக) இருந்த அம்புரோஸ், அதற்கு முன் அரசின் ஆளுநராக இருந்தவர், சிசரோவில் ஊறியவர். தம் சகோதரர் சத்தீருஸ் இறந்தபோது ஆற்றிய இரங்கல் உரையில், அவருடைய வாழ்க்கையை இந்த நான்கையும் கொண்டே அளந்து புகழ்ந்தார். ஆட்சிக் கூடத்திலும் தத்துவப் பள்ளியிலும் புழங்கிய பண்புகள், ஓர் ஆயரின் துக்கத்தின் வழியே திருச்சபைக்குள் நிலைபெற்றது எனக்கு மிகவும் பிடித்த செய்தி.

அதன்பின் பல நூற்றாண்டுகள் இவை பெரும்பாலும் ஒரு பட்டியலாகவே இருந்தன. பட்டியலை ஒன்றோடொன்று சேர்ந்து இயங்கும் அமைப்பாக மாற்றியது அரிஸ்டாட்டிலின் அறவியல் நூல். இங்கிலாந்தின் லிங்கன் நகர ஆயர் ராபர்ட் குரோசெட்டெஸ்ட் அதை 1240களில் முழுமையாக லத்தீனுக்குக் கொண்டுவந்தார். சில ஆண்டுகளிலேயே ஜெர்மனியின் கொலோன் நகரில் டொமினிக்கன் ஆசிரியர் ஆல்பர்ட் அதைப் பற்றி விரிவுரை நிகழ்த்தினார். உட்கார்ந்து குறிப்பெடுத்த மாணவர் அக்குவினாஸ்.

ஏன் நான்கு? மனிதருக்குள் செயலைப் பிறப்பிக்கும் இடங்கள் நான்கு என்பது அக்குவினாஸின் பதில். ஒன்று அறிவு, இன்னொன்று சித்தம், அதாவது விரும்பித் தேர்ந்தெடுக்கும் ஆற்றல். மூன்றாவது, இன்பத்தை நாடும் உணர்ச்சி. நான்காவது, தடையையும் ஆபத்தையும் எதிர்கொள்ளும் உணர்ச்சி. ஒவ்வொன்றும் அதனதன் வழியில் தடம்புரளக்கூடியது. அறிவைச் சீராக்குவது விவேகம். சித்தத்தை மற்றவருக்குரியதை மற்றவருக்குக் கொடுக்கும்படி பழக்குவது நீதி. ஆசையை நெறிப்படுத்துவது தன்னடக்கம். அச்சத்தில் நிலைகுலையாமல் காப்பது மனத்திடம்.

இவற்றில் விவேகம்தான் வேலை வாங்கும் பண்பு. அதன் வேலை மூன்று படிகளில் நடக்கிறது: என்னென்ன வழிகள் உண்டு என்று ஆராய்வது, அவற்றில் எது சரி என்று தீர்ப்பது, தீர்த்ததைச் செய்யும்படி தனக்குத் தானே கட்டளையிடுவது. மூன்றாவது படியே தலையாயது என்று அக்குவினாஸ் அழுத்திச் சொல்கிறார். எல்லாவற்றையும் சரியாக யோசித்துவிட்டுக் கடைசியில் கை கட்டி நிற்பவர் அவர் கணக்கில் விவேகி அல்லர். கச்சிதமாகத் திட்டமிட்டு வீடு புகும் திருடனும் அல்லன். நோக்கம் கெட்டுப்போன இடத்தில் இருப்பது விவேகத்தின் போலி. கடந்த அனுபவத்தின் நினைவு, மூத்தோரிடம் கேட்டுக் கற்கும் பணிவு, வரப்போவதைக் கணிப்பது, சூழ்நிலையைச் சுற்றிப் பார்ப்பது என்று விவேகத்தின் உறுப்புகளாக எட்டை அவர் எண்ணுகிறார். கேட்டுக் கற்பதையும் அதில் சேர்த்தது கூர்மையான கவனிப்பு. வாழ்க்கையில் நேரும் நிலைமைகள் கணக்கற்றவை. ஒரே ஆள் தன் ஆயுளுக்குள் எல்லாவற்றையும் கண்டுவிட முடியாது என்பது அவர் தரும் காரணம்.

இந்த நான்கில் அவர் மிக விரிவாக எழுதியது நீதியைப் பற்றி. அவருடைய 'இறையியல் தொகுப்பு' நூலில் ஒவ்வொரு பகுதியும் ஒரு வினா என்று அழைக்கப்படுகிறது; விவேகத்துக்கு 10 வினாக்கள், நீதிக்கு 66. கொலை, திருட்டு, வட்டி, சாட்சி சொல்வது, அவதூறு என எல்லாம் அதில் வருகின்றன. சிசரோவிடமிருந்து வந்த ஒரு வழக்கும் இருக்கிறது. தானியத்துக்குத் தட்டுப்பாடான ஓர் ஊருக்கு ஒரு வணிகர் தானியம் கொண்டு வருகிறார். விலை ஏறிக் கிடக்கிறது. பின்னால் வேறு பல வணிகர்களும் சரக்குடன் வருகிறார்கள் என்பது அவருக்குத் தெரியும், ஊராருக்குத் தெரியாது. தெரிந்தால் குறைவாகவே கொடுப்பார்கள். அவர் வாயைத் திறக்க வேண்டுமா?

அக்குவினாஸ் இரண்டு நிலைகளைப் பிரிக்கிறார். விற்கும் பொருளில் மறைந்திருக்கும் பழுது என்றால் விற்பவர் சொல்லியே ஆக வேண்டும். அது இப்போதே இருக்கும் குறை. ஆனால் விலை இறங்கப்போவது இனிமேல் நடக்க இருப்பது. ஆகவே, அன்றைய விலைக்கே விற்றுவிட்டுப் பேசாமல் போனாலும் அவர் நீதியை மீறியதாகத் தெரியவில்லை என்கிறார். அதோடு நிறுத்தவில்லை. உண்மையைச் சொன்னாலோ விலையைக் குறைத்தாலோ அவருடைய நற்பண்பு இன்னும் நிறைவானதாக இருக்கும், ஆனால் நீதி அதைக் கடமையாக்கவில்லை என்று சேர்க்கிறார். பசித்த ஊரின் பக்கம் நின்று படித்தால் இந்தத் தீர்ப்பு எனக்குப் போதவில்லை. ஆனாலும், கடமை எங்கே முடிகிறது, பெருந்தன்மை எங்கே தொடங்குகிறது என்று இவ்வளவு தெளிவாகக் கோடு போட்டுக் காட்டும் எழுத்து அரிது. உயிர் போகும் தேவையில் பிறர் பொருளை எடுப்பது திருட்டே ஆகாது என்று எழுதியவரும் இவரே.

மனத்திடத்தின் முதன்மையான செயல் தாக்குவது அல்ல, தாங்குவது என்கிறார். தாக்குபவர் தன்னை வலியவராக எண்ணியே பாய்கிறார். தாங்குபவரோ தன்னைவிட வலியதன் முன்னால் நெடுநேரம் நிற்கிறார். போர்வீரனிடமிருந்து இந்தப் பண்பின் உச்சம், விசுவாசத்துக்காக உயிரைக் கொடுக்கும் மறைசாட்சியிடம் நகர்ந்தது இப்படித்தான்.

தன்னடக்கம் என்றால் இன்பத்தை வெறுப்பது என்ற எண்ணத்துக்கும் அவரிடம் இடமில்லை. உடல் நலனுக்குத் தேவையான இன்பங்களையும் உதறுவது ஒரு குறை. விளையாட்டும் சிரிப்பும் அறவே இல்லாமல் பிறருக்குப் பாரமாக இருப்பதும் குறையே. ஆனால் இதே பண்புக்கு இரண்டு அளவுகோல்கள் உண்டு. பழக்கத்தால் வரும் தன்னடக்கம், உணவு உடலைக் கெடுக்காமலும் அறிவை மழுக்காமலும் இருந்தால் போதும் என்கிறது. இறைவன் அருளால் ஊட்டப்படும் தன்னடக்கம் உண்ணாநோன்பையும் கேட்கிறது. பழைய தத்துவத்தின் நான்கு பண்புகளை விசுவாசம், எதிர்நோக்கு, இறையன்பு என்ற கிறிஸ்தவ நற்பண்புகள் மூன்றோடு அவர் இணைத்தது இந்த இடத்தில்தான்.

விவேகம் இல்லாமல் மற்ற மூன்றும் முழுமை பெறா. அந்த மூன்றும் இல்லாமல் விவேகமும் இல்லை, ஏனென்றால் ஆசையும் அச்சமும் தீர்ப்பை வளைத்துவிடும். ஆகவே நான்கும் சேர்ந்தே வரும் என்பது அவர் முடிவு. ஸ்காட்லாந்தில் பிறந்த பிரான்சிஸ்கன் என்ற இன்னொரு சபையின் துறவி ஜான் டன்ஸ் ஸ்கோட்டஸ் ஒரு தலைமுறைக்குள் இதை மறுத்தார். அறிவு சரியாகச் சொன்ன பிறகும் சித்தம் வேறு வழியில் போகும் சுதந்திரம் உடையது. ஒரு துறையில் மட்டும் ஒருவர் முழுமையான நற்பண்பு பெற்றிருக்கலாம் என்றார். தாராளமாகக் கொடுப்பவர்கள் சிலர் கற்பு நெறியில் வழுவுவதை அக்குவினாஸும் கவனித்திருந்தார். அவர்களிடம் இருப்பது இன்னும் முழுமை அடையாத நற்பண்பு, ஒரு சாய்வு மட்டுமே என்பது அவருடைய விளக்கம். அதை நற்பண்பு என்றே அழைக்கலாமா என்பதில்தான் இரு தரப்பும் பிரிந்தன. அக்காலப் பல்கலைக்கழகங்களில் ஆசிரியர்கள் இதைத் தொடர்ந்து விவாதித்துக்கொண்டிருந்தார்கள்.